மேடைச் சபாபதியும் திரைச் சபாபதியும்

1931ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 31ஆம் நாள் 'காளிதாஸ்' வெளியாயிற்று. தமிழின் முதல் பேசும் படம் என்று நாம் அதனைப் போற்றி வருகிறோம். ஆயினும் அதில் ஒலித்தது தமிழ் மட்டும் அன்று, தெலுங்கும் ஒலித்தது. அதனை இயக்கிய எச்.எம். ரெட்டி அவர்களே அடுத்த ஆண்டு வெளிவந்த 'பக்த பிரகலாதா' என்னும் முதல் தெலுங்குப் பேசும் படத்தையும் இயக்கினார். இரு மொழிகளும் திரையில் வாய் திறக்கக் கற்றது ஒரே ஆசானிடம் எனலாம். 'காளிதாஸி'ல் சிறு வேடம் ஏற்ற இளைஞர் ஒருவர் பின்னாளில் எல்.வி. பிரசாத் என்று புகழ் பெற்றார். அவர் பெயர் தாங்கிய கண் மருத்துவ நிலையத்தின் வாயிலை நம் நகரத்துத் தமிழர் பலரும் ஒருமுறையேனும் மிதித்திருப்பர்.

'காளிதாஸ்' கதையை நினைவு கூர்வோம். படிப்பறிவில்லாத மூடன் ஒருவனைக் கற்றறிந்த அரசகுமாரிக்குச் சூழ்ச்சியால் மணம் முடித்து விடுகின்றனர். காளியின் அருளால் அவன் நாவில் கவிதை பிறக்கிறது. இதற்குப் பத்தாண்டுகள் கழித்து, 1941 டிசம்பர் 14ஆம் நாள், மற்றொரு மூடனின் கதை தமிழ்த் திரைக்கு வந்தது. அவனுக்கும் கற்றறிந்த மனைவி வாய்க்கிறாள். ஆனால் இம்முறை காளி வரவில்லை. மனைவியே புத்தகத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு கணவனுக்குப் பாடம் சொல்லிக் கொடுக்கிறாள். அவனும் தேர்வில் தேறிவிடுகிறான். அப்படந்தான் 'சபாபதி'. பத்தாண்டுக் காலத்தில் தமிழ்த் திரை எவ்வளவு தொலைவு நடந்தது என்பதை அளக்க இவ்விரு மூடர்களையும் அருகருகே நிறுத்திப் பார்த்தாலே போதும் என்று நமக்குத் தோன்றுவதுண்டு.

'சபாபதி' முதலில் நாடகம். இயற்றியவர் பம்மல் சம்பந்த முதலியார். 1873இல் பிறந்து 1964இல் மறைந்த அப்பெரியாரைத் தமிழ் நாடகத் தந்தை என்று தமிழுலகம் அழைக்கிறது. 'மனோகரா' என்றால் 1954இல் சிவாஜி கணேசன் சங்கிலியில் பிணைக்கப்பட்டு முழங்கிய முழக்கமே நம்மில் பலருக்கு நினைவு வரும். அதன் மூலம் பம்மலாரின் நாடகம். படத்தை இயக்கியவரோ மேற்சொன்ன எல்.வி. பிரசாத்.

தெலுங்கு மண்ணில் வாழும் நாம் இங்கே சற்று நின்று நோக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. பம்மலார் இளமையில் தமிழ் நாடகத்தை மதித்தவர் அல்லர். அக்காலத்து மேடைக் கூத்துகளில் அவர் மனம் செல்லவில்லை. 1891ஆம் ஆண்டில் பல்லாரியிலிருந்து வக்கீல் தர்மவரம் கிருஷ்ணமாச்சார்யுலு தம் சரச வினோதினி சபையாரோடு சென்னைக்கு வந்து, விக்டோரியா பப்ளிக் ஹாலில் தெலுங்கு நாடகங்களை நடத்தினார். ஆந்திர நாடக பிதாமகர் என்று தெலுங்கர் போற்றும் பெரியார் அவர். படித்தவர்கள், உத்தியோகத்தில் இருப்பவர்கள், வேடம் புனைந்து மேடையில் நின்றதைப் பதினெட்டு வயதுக் கல்லூரி மாணவராகிய பம்மலார் கண்டார். தெலுங்கில் இயலுவது தமிழில் ஏன் இயலாது என்ற வினா அவர் உள்ளத்தில் எழுந்தது. அதே ஆண்டு ஜூலை முதல் நாள் நண்பர் சிலருடன் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். தமிழ் நாடகத் தந்தைக்கு வழி காட்டியது ஒரு தெலுங்கு மேடை. இச்செய்தியை நம் சங்கக் கூட்டங்களில் யாரும் எடுத்துரைத்து நாம் கேட்டதில்லை. தமிழ் தனித்தியங்க வல்லது என்ற முழக்கத்தை மட்டும் ஆண்டுதோறும் கேட்டு வருகிறோம்.

சுகுண விலாச சபையின் உறுப்பினர் வழக்கறிஞர்களும் அலுவலர்களும் ஆவர். பம்மலாரே வழக்கறிஞர், பின்னாளில் சென்னைச் சிறுவழக்கு நீதிமன்றத்தில் நீதிபதியாகவும் அமர்ந்தவர். தேசத் தலைவர் சத்தியமூர்த்தி அச்சபை மேடையில் நடித்தவர்களுள் ஒருவர். இவர்கள் பகலெல்லாம் கட்டுகளையும் கோப்புகளையும் புரட்டிவிட்டு மாலையில் ஒத்திகைக்கு ஓடியவர்கள். மைய அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தராக இருபதாண்டுகளைக் கழித்துவிட்ட நமக்கு இவர்கள்பால் தனியான ஓர் உறவு தோன்றுவது இயல்பே. விடிய விடிய நடந்த பாட்டு நாடகங்களுக்கு மாற்றாக, குறித்த நேரத்தில் தொடங்கிக் குறித்த நேரத்தில் முடியும் உரைநடை நாடகத்தை இவர்கள் நிலைநாட்டியதற்குக் கலைக்கொள்கை மட்டுமே காரணம் என்று நாம் நம்பவில்லை. மறுநாள் காலை கச்சேரிக்குப் போக வேண்டுமே!

தொண்ணூறுக்கு மேற்பட்ட நாடகங்களை இயற்றிய பம்மலார் நகைச்சுவை நாடகங்களைப் பிரகசனம் என்று வழங்கினார். அரிச்சந்திரனைத் தலைகீழாக்கி, உண்மையே பேசாத மன்னன் ஒருவனைப் படைத்துச் 'சந்திரஹரி' என்று பெயரிட்டவர் அவர். அவருடைய பிரகசனங்களுள் மக்கள் மனத்தில் ஆழப் பதிந்தது 'சபாபதி'. செல்வர் வீட்டுப் பிள்ளை சபாபதி முதலியார். அவனுக்கு ஒரு வேலைக்காரன். அவன் பெயரும் சபாபதி. எசமான் மந்தம், வேலைக்காரன் அவனினும் மந்தம். இவ்விருவரையும் விட்டுவிட மனமின்றிப் பம்மலார் அடுத்தடுத்த பாகங்களை எழுதினார். பேசும் படம் வந்தபின் சபாபதி முதலியாரைப் பேசும் படத்தோடு மோதவிட்டும் ஒரு நாடகம் செய்தார். அவரே 1934இல் 'சதி சுலோசனா' என்னும் படத்தை இயக்கி அத்துறையின் மேடுபள்ளங்களை அறிந்தவர் ஆதலால், அது வெறும் கேலியன்று, பட்டறிந்தவரின் சிரிப்பு.

சபாபதியைத் திரைக்குக் கொணர்ந்தவர் காரைக்குடி ஏ.வி. மெய்யப்பச் செட்டியார். இசைத்தட்டு வணிகத்திலிருந்து படத்துறைக்கு வந்த அவர், தொடக்கத்தில் அடுத்தடுத்துக் கையைச் சுட்டுக்கொண்டவர். பின்னர் பிரகதி ஸ்டூடியோவில் 1940இல் 'பூ கைலாஸ்' எடுத்து வெற்றி கண்டார். அது தெலுங்குப் படம் என்பதையும், அதன் முதன்மை நடிகர் பலர் கன்னட மேடையிலிருந்து வந்தவர்கள் என்பதையும் வாசகர் கருத்தில் கொள்க. அதற்கு அடுத்த ஆண்டு அவர் தாமே ஏ.டி. கிருஷ்ணசாமியுடன் சேர்ந்து இயக்கிய படம் 'சபாபதி'. புராணமும் பக்தியும் கொடிகட்டிப் பறந்த காலம் அது. நகைச்சுவை என்பது படத்தின் நடுவே ஒட்டுப்போட்டது போல் வந்து போகும். கதைக்கும் அதற்கும் தொடர்பு இராது. தொடக்கம் முதல் இறுதி வரை சிரிப்பே கதையாக ஒரு முழுப்படம் எடுப்பது துணிவான செயல். துணிவு வீண்போகவில்லை, படம் நன்றாக ஓடியது.

வெளியான நாளையும் எண்ணிப் பார்க்க வேண்டும். முத்துத் துறைமுகத்தில் சப்பானியர் குண்டு வீசிச் சரியாக ஒரு வாரம் ஆகியிருந்தது. அடுத்த ஏப்ரலில் கொழும்பிலும் விசாகப்பட்டினத்திலும் குண்டு விழுந்தது. சென்னை மக்கள் மூட்டை முடிச்சுகளுடன் உள்நாட்டை நோக்கி ஓடினர். அப்படிப்பட்ட குளிர்காலத்தில் திரையரங்கின் இருட்டில் அமர்ந்து இரண்டு முட்டாள்களைக் கண்டு சிரிக்க முடிந்தது என்றால், அச்சிரிப்பு அவர்களுக்குத் தேவைப்பட்டிருக்க வேண்டும்.

இனிப் படத்தின் தன்மையைப் பற்றி நம் கருத்தைக் கூறுவோம். 'சபாபதி' ஒரு நாடகத்தின் படப்பிடிப்பு மட்டும் அன்று. இரண்டு மேடைகளின் சந்திப்பு என்று நாம் கருதுகிறோம். சொற்கள் வழக்கறிஞர்களின் சபையிலிருந்து வந்தவை. உடல்களோ பாய்ஸ் கம்பெனிகளிலிருந்து வந்தவை. எசமான் சபாபதியாக நடித்த டி.ஆர். ராமச்சந்திரன், தமிழாசிரியராக வந்த கே. சாரங்கபாணி ஆகிய இருவரும் சிறு வயதிலேயே நாடகக் கம்பெனியில் சேர்ந்து அடிபட்டுக் கற்றவர்கள். வேலைக்காரன் சபாபதியாக வந்த என். இரத்தினம், கோவலன் நாடகத்தில் காளி வேடம் ஏற்றுப் புகழ் பெற்றதால் காளி என்.இரத்தினம் ஆனவர், மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் எம்.ஜி.ஆர். உள்ளிட்ட சிறுவர்களுக்கு நடிப்புப் பயிற்றியவர். (காளி அருள் இப்படத்தில் இல்லை என்று மேலே எழுதினோம், வேறு உருவத்தில் இருக்கவே செய்தது!) சபையினர் பொழுதுபோக்காக நடித்தனர், கம்பெனியார் பிழைப்புக்காக நடித்தனர். மேடையில் இவ்விரு சாராரும் ஒருவரையொருவர் சற்றே எட்ட நின்று பார்த்தவர்கள். திரைதான் அவர்களை ஒன்றாக நிறுத்தியது.

ராமச்சந்திரனின் அகல விழித்த கண்களே பாதி வசனம் பேசிவிடும். இரத்தினமோ முகத்தை அசைப்பதே அரிது. சொன்னதைச் சொன்ன சொல்லின்படியே செய்கிறவன் வேலைக்காரன். அவன் கீழ்ப்படியாதவன் அல்லன், மிகுதியாகக் கீழ்ப்படிகிறவன். அங்கேதான் சிரிப்பு. நாம் நாள்தோறும் பேசும் மொழியில் சொல் ஒன்றும் பொருள் ஒன்றுமாக எத்தனை இருக்கின்றன என்பதை அவன் வந்து காட்டும்வரை நாம் உணர்வதில்லை. அலுவலகத்தில் சுற்றறிக்கை வாசகத்தை எழுத்துக்கு எழுத்து நிறைவேற்றி மேலதிகாரியைத் திகைக்க வைக்கும் ஊழியரை நாம் கண்டதுண்டு. ஒரு முறை நாமே அவ்வாறு ஆனதும் உண்டு. சி.டி. ராஜகாந்தம் குண்டுமுத்தாக வந்து இரத்தினத்தோடு சேர்ந்து நடிக்கும் காட்சிகள் தனிச் சுவை. இருவரும் அதன்பின் பல படங்களில் இணையாக வந்தமைக்கு இப்படமே தக்க சான்று.

ஓரிடத்தில் மட்டும் நமக்கு உடன்பாடு இல்லை. தமிழாசிரியரை மாணவர் எள்ளி நகையாடுவது இப்படத்தில் பெருஞ்சிரிப்பை விளைவிக்கிறது. சாரங்கபாணியின் நடிப்பில் குறை காண இயலாது. ஆயினும் தமிழ் கற்பிப்பவர் என்றால் கேலிக்குரியவர் என்ற வழக்கம் திரையில் இதன்பின் நெடுங்காலம் நீடித்தது. ஆங்கிலத்தில் தடுமாறினால் வெட்கம், தமிழில் தடுமாறினால் வேடிக்கை என்ற மனப்பான்மை அப்போதே வேர் ஊன்றியிருந்தது போலும்.

நம் நகரத்திற்கும் திரை நகைச்சுவைக்கும் உள்ள பழைய தொடர்பு ஒன்றையும் இங்கே சொல்லிவிடலாம். 1921இல் 'பிலாத் பேரத்' என்னும் ஊமை நகைச்சுவைப் படத்தால் வங்கத்தில் பெயர் பெற்ற தீரேன் கங்கூலி, பின்னர் ஐதராபாத்திற்கு வந்து லோட்டஸ் பிலிம் கம்பெனியை நிறுவிப் படங்கள் எடுத்தார். 1924இல் 'ரசியா பேகம்' படத்தைத் திரையிட்டதால் நிஜாமின் சினத்திற்கு ஆளாகி, உடனே நகரை விட்டு வெளியேற நேர்ந்தது. அவர் கல்கத்தா திரும்பினார். சிரிக்க வைக்கும் கலைஞரை வெளியேற்றிய இந்நகரம் தொடர்ந்து சிரித்துக்கொண்டுதான் இருந்தது. தெலுங்கு, உருது, தமிழ், மராத்தி, கன்னடம் எல்லாம் ஒரே சந்தில் புழங்கும் ஊரில் பிரகசனம் எழுத ஆசிரியர் தேவையில்லை.

நம் பெரியம்மா மணமாகி வந்த புதிதில் சீதாபல்மண்டியில் ஓட்டு வீடு ஒன்றில் குடியிருந்தார். நல்ல மழைக்காலம். அடுத்த வீட்டுத் தெலுங்கு அம்மையார் வாயிலில் நின்று, "கூர அயிந்தா?" என்று அன்பாகக் கேட்டார். கறி சமைத்தாகிவிட்டதா என்பது அதன் பொருள். பெரியம்மா தலையை உயர்த்திக் கூரையைப் பார்த்துவிட்டு, "எங்கே ஆச்சு? இன்னும் ஒழுகிக்கிட்டேதான் இருக்கு" என்றார். நாற்பதாண்டுக் காலம் இரு குடும்பங்களும் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தன. பெரியம்மாவும் உடன் சிரித்தார். அந்த அம்மையார் இவருக்குத் தெலுங்கு கற்றுக் கொடுத்தார். இவர் அவருக்கு வற்றற்குழம்பு வைக்கக் கற்றுக் கொடுத்தார்.

எல்லாச் சிரிப்பும் அப்படிப்பட்டதன்று. மூன்றாண்டுகளுக்கு முன் நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் வரவேற்புரை படிக்க நம் மகனை மேடையேற்றினோம். அப்போது அவன் ஆறாம் வகுப்பு. பள்ளியில் ஆங்கிலம், தெலுங்கு, இந்தி. தமிழ் வீட்டில் பேசுவதோடு சரி. எழுத்தை நாமே ஞாயிற்றுக்கிழமைகளில் சொல்லிக் கொடுத்தோம். அதிலும் பாதி ஞாயிறு அலுவலகம் கொண்டுபோய்விடும். அவன் ஒலிபெருக்கியின் முன் நின்று, "ஆண்டு விலாவிற்கு வருகை தந்திருக்கும்" என்று தொடங்கினான். விழா விலா ஆயிற்று. முன்வரிசையில் ஒருவர், "எத்தனாவது எலும்பு தம்பி?" என்றார். அரங்கமே சிரித்தது. நாமும் சிரித்தோம். அவன் நம் முகத்தைத்தான் பார்த்தான். உரையை முடிக்காமல் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு இறங்கிவிட்டான். அதன்பின் சங்கத்திற்கு வருவான், உண்பான், பிள்ளைகளோடு விளையாடுவான். மேடைப் பக்கம் மட்டும் தலை வைத்தும் படுத்ததில்லை. வீட்டிலும் நம்மோடு தெலுங்கு கலந்தே பேசலானான். ழகரம் வரும் சொற்களை ஒதுக்கியே பேசினான். பழம் என்று சொல்ல வேண்டிய இடத்தில் தெலுங்கில் பண்டு என்பான். நாம் அதனைக் கவனிக்க ஓராண்டு ஆயிற்று.

சென்ற கோடையில் சங்க அரங்கில் 'சபாபதி'யைத் திரையிட்டனர். எண்பதாண்டு கடந்த படம். பிள்ளைகள் பாதியில் எழுந்து போய்விடுவர் என்று எண்ணினோம். போகவில்லை. நம் மகன் இரத்தினம் வந்த காட்சிகளிலெல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். சிவகாமியாக நடித்த ஆர். பத்மா, கணவனுக்குப் பாடம் சொல்லிக் கொடுக்கும் இடத்தில் மட்டும் அவன் சிரிப்பு நின்றது. முன்னால் சாய்ந்து உட்கார்ந்து பார்த்தான். வீடு திரும்பும்போது பத்மாராவ் நகர்த் திருப்பத்தில் வண்டியின் பின்னாலிருந்து, "அப்பா, அந்த அம்மா மட்டும் அவனைப் பார்த்துச் சிரிக்கவே இல்லை, கவனிச்சீங்களா?" என்றான். நாம் கவனித்திருக்கவில்லை. அவள் ஓரிடத்திலும் சிரிக்கவில்லையா என்பதை அறிய அப்படத்தை மறுமுறையும் பார்க்க வேண்டும். ஆனால் மகன் எதைப் பார்த்துக்கொண்டிருந்தான் என்பது அன்றே விளங்கிவிட்டது. வண்டியை நிறுத்தி, மூன்றாண்டுகளுக்கு முன் சிரித்ததற்கு அவனிடம் மன்னிப்புக் கேட்டோம். "பரவாயில்லப்பா, பின்னாடி பஸ் வருது" என்றான்.

இவ்வாண்டு விழாவிற்குப் பம்மலாரின் சபாபதியிலிருந்து சில காட்சிகளை மேடையேற்றுவது என்று முடிவாயிற்று. நடிப்பவர்கள் வங்கியிலும் இரயில்வேயிலும் பணிபுரிபவர்கள். ஒத்திகை மாலை ஏழு மணிக்கு மேல்தான். வேலைக்காரன் சபாபதிக்கு ஆள் அகப்படவில்லை. முட்டாளாக நடிக்க எவரும் முன்வரவில்லை; எல்லாரும் எசமானாக விரும்பினர். ஒரு நாள் இரவு உணவின்போது நம் மகன், தான் செய்வதாகச் சொன்னான். ஒரே ஒரு நிபந்தனை: "தெலுங்கு எழுத்துல எழுதிக் குடுங்கப்பா, நான் படிச்சுக்கிறேன்."

முதலில் நம் மனம் ஒப்பவில்லை. தமிழ்ச் சங்க மேடையில் தமிழ் நாடகத்தைத் தெலுங்கு எழுத்தில் படித்து நடிப்பதா என்று எண்ணினோம். பிறகு பல்லாரி வக்கீல் நினைவுக்கு வந்தார். சுகுண விலாச சபை தமிழோடு தெலுங்கு நாடகங்களையும் நடத்தியது என்பதும் நினைவுக்கு வந்தது. இப்போது இரவு உணவு முடிந்ததும் எழுதுவதே நம் வேலையாக இருக்கிறது. பெயரிலேயே சிக்கல் தொடங்கியது. தமிழில் சபாபதி என்று எழுதி முடித்துவிடுகிறோம். தெலுங்கில் எந்தப் பகரம் என்று மகன் கேட்டான். நான்கு பகரங்களில் நான்காவதை அவனே தேர்ந்து எழுதிக்கொண்டு, மூச்சு அழுந்த அப்பெயரைச் சொன்னான்.

ழகரத்திற்குத்தான் இன்றைய தெலுங்கில் எழுத்து இல்லை. பண்டைத் தெலுங்குக் கல்வெட்டுகளில் அதற்கென ஓர் எழுத்து இருந்து, பின்னர் வழக்கொழிந்தது. அதனால் தெலுங்கு ளகரத்தை எழுதி அதன்கீழ்ச் சிவப்பு மையால் ஒரு புள்ளி வைக்கிறோம். புள்ளி வந்தால் நாக்கை இன்னும் உள்ளே வளைக்க வேண்டும் என்பது எங்களுக்குள் ஏற்பாடு. நேற்றிரவு நாம் எழுதிய பக்கத்தை அவன் வாங்கிப் படித்துப் பார்த்துவிட்டு, இரண்டு இடங்களில் புள்ளி விட்டுப் போயிற்று என்று சுட்டிக்காட்டி, சிவப்புப் பேனாவைக் கேட்டு வாங்கித் தானே வைத்துக்கொண்டான்.